ஆங்கிலத்தில் சரியான சொல்லைத் தேர்ந்தெடுப்பது எப்படி: ஒத்த சொற்களுக்கு ஒரு முழுமையான வழிகாட்டி

'பிக்' என்றாலும் பெரியது, 'லார்ஜ்' என்றாலும் பெரியது. அகராதியில் இரண்டும் அடுத்தடுத்துதான் இருக்கும். ஆனால் 'மை பிக் சிஸ்டர்' என்றால் என் அக்கா. 'மை லார்ஜ் சிஸ்டர்' என்றால் அக்காவின் உடம்பைப் பற்றிப் பேசுகிறீர்கள் என்று அர்த்தம். 'பிக் மிஸ்டேக்' என்பது அன்றாடப் பேச்சு. 'லார்ஜ் மிஸ்டேக்' என்று எழுதினால் இலக்கணப் பிழை எதுவும் இல்லை, ஆனாலும் படிப்பவர் ஒரு நொடி நின்றுவிடுவார்.

தமிழில் இந்த நுணுக்கம் நமக்குத் தானாக வருகிறது. செத்துப்போனான், இறந்தார், காலமானார், உயிர் நீத்தார் எல்லாமே ஒரே நிகழ்ச்சிதான். ஆனால் எதை யாருக்கு, எந்த இடத்தில் சொல்வது என்பதில் யாரும் தடுமாறுவதில்லை. பட்டியல் போட்டு யாரும் சொல்லித்தரவும் இல்லை. ஆங்கிலத்தை இரண்டாம் மொழியாகப் படித்தவர்கள் அந்த உணர்வைக் கொஞ்சம் கொஞ்சமாகக் கையால் கட்டிக்கொள்ள வேண்டியிருக்கிறது. அதைக் கட்டும் முறையைத்தான் இங்கே படிப்படியாகப் பார்க்கப் போகிறோம். கனமான சொல்லைத் தேடிப்பிடித்து எழுத்தை மினுக்குவது எப்படி என்று தேடி வந்தவர்களுக்கு இது ஏமாற்றமாக இருக்கலாம்.

ஆங்கிலத்தில் ஏன் ஒரு பொருளுக்கு இத்தனை சொற்கள்?

இதைத் தெரிந்துகொண்டால் பின்னால் வரும் படிகள் பாதி எளிதாகிவிடும். ஆங்கிலத்தின் அடித்தளம் ஜெர்மானியக் குடும்பத்தைச் சேர்ந்தது. 1066-ல் நார்மன்கள் இங்கிலாந்தைக் கைப்பற்றிய பிறகு அரசவை, நீதிமன்றம், பிரபுக்களின் வீடு எங்கும் பிரெஞ்சு நுழைந்தது. மறுமலர்ச்சிக் காலத்தில் அறிஞர்கள் லத்தீனிலிருந்தும் கிரேக்கத்திலிருந்தும் நேரடியாகச் சொற்களை அள்ளிக்கொண்டு வந்தார்கள். பழையது போய்ப் புதியது வரவில்லை; பல இடங்களில் மூன்றும் தங்கிவிட்டன.

'ஆஸ்க்' பழைய ஆங்கிலம், 'கொஸ்டின்' பிரெஞ்சு வழி வந்தது, 'இன்டெராகேட்' லத்தீன். நண்பரிடம் 'ஆஸ்க்' செய்வோம், சாட்சியை வழக்கறிஞர் 'கொஸ்டின்' செய்வார், சந்தேக நபரைக் காவல்துறை 'இன்டெராகேட்' செய்யும். 'கிங்லி, ராயல், ரீகல்' இன்னொரு மூவர். 'ரைஸ், மவுன்ட், அசென்ட்' மற்றொன்று.

பொதுவாகக் குட்டையான பழைய சொல் வீட்டுப் பேச்சுக்கு நெருக்கமாகவும், பிரெஞ்சு வழி வந்தது சற்று மெருகோடும், நீளமான லத்தீன் சொல் அலுவலக வாடையோடும் இருக்கும். இதை விதியாக எடுத்துக்கொள்ளாதீர்கள். 'ஃபோ' என்பது மூன்றெழுத்துப் பழைய ஆங்கிலச் சொல்தான், ஆனால் இன்று அன்றாடப் பேச்சில் எதிரியை அப்படிச் சொன்னால் புராணக் கதை மாதிரி இருக்கும். 'லார்ஜ்' பிரெஞ்சிலிருந்து வந்தது, அதில் எந்தப் பகட்டும் இல்லை. முன்பின் தெரியாத ஒரு சொல்லை முதல்முறை பார்க்கும்போது ஊகிக்க இது உதவும், அவ்வளவே.

படி 1: மாற்றத்தான் வேண்டுமா என்று பாருங்கள்

ஒரு சொல் உறுத்துகிறது என்றால் உடனே மாற்றுச் சொல் தேடாதீர்கள். ஏன் உறுத்துகிறது என்று முதலில் கேளுங்கள். மங்கலாக இருக்கிறதா, சூழலுக்குப் பொருந்தவில்லையா, அல்லது மறுபடி மறுபடி வருகிறதா? காரணத்துக்கேற்ப மருந்தும் வேறு.

'தி ஹவுஸ் வாஸ் வெரி நைஸ்' என்ற வாக்கியத்தை எடுத்துக்கொள்ளுங்கள். 'நைஸ்' போரடிக்கிறது என்று அதற்குப் பதிலாக 'ப்ளெசன்ட்', 'டிலைட்ஃபுல்', 'சார்மிங்' என்று மாற்றிப் பாருங்கள். வீட்டைப் பற்றி வாசகருக்கு ஏதாவது கூடுதலாகத் தெரிந்ததா? தெரியாது. இங்கே குறை சொல்லில் இல்லை, தகவலில். வெளிச்சம் நிறைந்த வீடா, விசாலமான வீடா, அமைதியான தெருவில் இருக்கிறதா? 'பிரைட்', 'ஸ்பேஷியஸ்', 'க்வயட்' எதுவும் 'நைஸ்' என்பதன் ஒத்த சொல் இல்லை. ஆனாலும் நீங்கள் தேடிய சொல் அவற்றில் ஒன்றாகத்தான் இருக்கும்.

ஒரு சின்னக் கடிதம் பார்ப்போம். 'ஐ காட் யுவர் மெயில். ஐ வில் கெட் தி ரிப்போர்ட் டுமாரோ அண்ட் கெட் பேக் டு யூ.' 'கெட்' மூன்று முறை வந்துவிட்டது. மூன்றையும் மாற்றத்தான் கை போகும். பொறுங்கள். முதல் 'காட்' நண்பருக்கு எழுதும்போது சரியாகவே இருக்கிறது. மேலதிகாரிக்கு என்றால் 'ரிசீவ்ட்' பொருந்தும். மூன்றாவது 'கெட் பேக் டு யூ' என்பது உறைந்த தொடர், 'மறுபடி தொடர்புகொள்கிறேன்' என்று பொருள். அதை உடைத்து 'ரிடர்ன் டு யூ' என்றால் நேரில் திரும்பி வருவதாக ஆகிவிடும். உண்மையான சிக்கல் நடுவில் உள்ளதில்தான். அறிக்கையை எழுதி முடிப்பாரா, யாரிடமிருந்தாவது வாங்குவாரா, போய் எடுத்து வருவாரா? 'ஃபினிஷ்', 'அப்டெய்ன்', 'கலெக்ட்' மூன்றும் மூன்று வேலை. அந்த ஒன்றைத் தெளிவாக்கினாலே கடிதம் சரியாகிவிடும்.

படி 2: சொல்ல நினைத்ததை முதலில் தமிழில் முழுதாகச் சொல்லுங்கள்

ஒற்றைச் சொல்லாகச் சொன்னால் பயனில்லை, முழு வாக்கியமாக வேண்டும். 'பார்' என்ற ஒரே வினைக்குள் ஆங்கிலத்தின் 'சீ', 'லுக்', 'வாட்ச்' மூன்றும் ஒளிந்திருக்கின்றன. பறவை கண்ணில் பட்டது என்றால் 'சா'. பறவைப் பக்கம் திரும்பினேன் என்றால் 'லுக்ட் அட்'. அது என்ன செய்கிறது என்று கொஞ்ச நேரம் கவனித்துக்கொண்டிருந்தேன் என்றால் 'வாட்ச்ட்'. 'கேள்' இன்னும் பெரிய குடும்பம்: காதில் விழுவது, காதுகொடுத்துக் கேட்பது, கேள்வி கேட்பது, உதவி கேட்பது. தமிழில் பின்புலமே இதையெல்லாம் பிரித்துக் காட்டிவிடுவதால் நாம் யோசிப்பதே இல்லை. ஆங்கிலத்தில் சொல்லையே பிரித்தெடுக்க வேண்டும்.

'ஹி வாக்ட் ஸ்லோலி'. மெதுவாக நடந்தான், சரி. ஏன் மெதுவாக? காற்று வாங்க நடந்தால் 'ஸ்ட்ரோல்ட்'. களைத்துப்போய் ஒவ்வொரு அடியாக இழுத்து நடந்தால் 'ட்ரட்ஜ்ட்'. காலில் அடிபட்டு நொண்டினால் 'லிம்ப்ட்'. தள்ளாடினால் 'ஸ்டேகர்ட்'. காரணத்தைத் தமிழில் சொன்னதும் வினை தானாக அமைகிறது, 'ஸ்லோலி' தேவையில்லாமல் போய்விடுகிறது. ஒத்த சொற்களால் எழுத்துக்குக் கிடைக்கும் மிகப் பெரிய லாபம் இதுதான் என்பது என் கருத்து: இரண்டு மங்கலான சொற்கள் இருந்த இடத்தில் கூர்மையான ஒன்று.

படி 3: வேட்பாளர்களைத் திரட்டுங்கள்

மைக்ரோசாஃப்ட் வேர்டில் சொல்லின் மேல் கர்சரை வைத்து ஷிஃப்ட், எஃப்7 இரண்டையும் சேர்த்து அழுத்தினால் ஒத்த சொற்களின் பட்டியல் திறக்கும். இணைய தெசாரஸ்கள், அதாவது ஒத்த சொல் தொகுப்புகள், ஏராளம். இவை அனைத்துக்கும் மூத்தது 1852-ல் பீட்டர் மார்க் ரோஜே வெளியிட்ட தெசாரஸ். அவர் ஒரு மருத்துவர். தன் சொந்த உபயோகத்துக்காக 1805-லேயே தொகுக்கத் தொடங்கியதைப் பணி ஓய்வுக்குப் பிறகு விரித்து நூலாக்கினார். அகரவரிசையில் இல்லாமல் வெளி, பருப்பொருள், அறிவு, உணர்ச்சி என்று கருத்துகளின் வகையில் சொற்களை அடுக்கினார்.

அந்த நூலில் சொற்களுக்கு விளக்கம் கிடையாது. ஏற்கெனவே தெரிந்து, நாக்கு நுனியில் நின்று வெளியே வராத சொல்லை நினைவூட்டுவதற்கான ஏற்பாடு அது. இன்றைய பட்டியல்களும் அப்படித்தான். ஆகவே பட்டியலில் இதுவரை பார்த்தே இராத சொல் இருந்தால் அதை இன்றைய கடிதத்தில் போடாதீர்கள். குறித்து வைத்துக்கொள்ளுங்கள், நாலு இடத்தில் பார்த்த பிறகு எழுதலாம். ஓரளவாவது பழகிய மூன்று நான்கு சொற்களை மட்டும் எடுத்துக்கொண்டு அடுத்த படிக்குப் போங்கள்.

படி 4: ஒவ்வொரு சொல்லையும் சோதியுங்கள்

இங்கேதான் அதிக நேரம் செலவழிக்க வேண்டும்.

முதல் சோதனை, சொல் சுமந்து வரும் தீர்ப்பு. 'ஸ்லிம்' பாராட்டு, 'தின்' வெறும் தகவல், 'ஸ்கின்னி' பெரும்பாலும் குறை. 'சைல்ட்லைக்' என்றால் குழந்தையின் கள்ளமின்மை. 'சைல்டிஷ்' என்றால் சிறுபிள்ளைத்தனம். 'ஃபேமஸ்' புகழ் பெற்றவர், 'நட்டோரியஸ்' கெட்ட பெயர் எடுத்தவர். 1948-ல் பிபிசி வானொலி நிகழ்ச்சி ஒன்றில் தத்துவவாதி பெர்ட்ரண்ட் ரஸ்ஸல் இதை வினைச்சொல் வாய்ப்பாடு மாதிரி அடுக்கிக் காட்டினார்: 'ஐ ஆம் ஃபர்ம், யூ ஆர் ஆப்ஸ்டினேட், ஹி இஸ் எ பிக்-ஹெடட் ஃபூல்.' (இந்த 'பிக்' பன்றி, பெரியது அல்ல.) குணம் ஒன்றேதான். என்னிடம் இருந்தால் உறுதி, உன்னிடம் இருந்தால் பிடிவாதம், அவனிடம் இருந்தால் முட்டாள்தனம்.

இந்தத் தீர்ப்பு மிகவும் ஏமாற்றும் இடம், ஒருவர் சொன்னதை எடுத்துச் சொல்லும் வினைகள். 'செட்' திரும்பத் திரும்ப வருகிறதே என்று சிலர் 'க்ளெய்ம்ட்', 'அட்மிட்டட்', 'ரிவீல்ட்', 'பாயின்டட் அவுட்' என்று சுழற்றி எழுதுவார்கள். 'க்ளெய்ம்ட்' என்றால் எனக்கு அதில் நம்பிக்கையில்லை என்று எழுதுபவர் சொல்வதாகத் தொனிக்கும். 'அட்மிட்டட்' என்றால் அவர் மறைக்க விரும்பிய ஒன்றையோ தவறையோ ஒப்புக்கொண்டார். 'ரிவீல்ட்' என்றால் அது உண்மை, இதுவரை வெளியே தெரியாதது. 'பாயின்டட் அவுட்' என்றாலும் அவர் சொன்னது சரி என்று நீங்களே வழிமொழிகிறீர்கள். 'தி மேனேஜர் அட்மிட்டட் தட் சேல்ஸ் வேர் அப்' என்று எழுதினால் விற்பனை கூடியது ஏதோ குற்றம் போல ஆகிவிடுகிறது. 'செட்' மட்டும்தான் எந்தப் பக்கமும் சாயாதது. கதையில்கூட உரையாடலுக்குப் பின் வரும் 'செட்' வாசகர் கண்ணில் படாமல் நழுவிவிடும். 'ஒபைன்ட்', 'எஜாக்குலேட்டட்' எல்லாம் காலைத் தடுக்கும்.

இரண்டாவது, சூழல். 'பை' போதுமான இடத்தில் 'பர்ச்சேஸ்', 'யூஸ்' போதுமான இடத்தில் 'யூட்டிலைஸ்' போடுவது பலருக்கும் பழக்கம். தவறில்லை, விரைப்பாக இருக்கும், அவ்வளவுதான். ஆனால் சில நேரம் பொருளே திசைமாறும். 'என்ட்' என்பதற்கு 'டெர்மினேட்' ஒத்த சொல்தான். ஓர் ஊழியரை 'டெர்மினேட்' செய்தோம் என்றால் வேலையை விட்டு நீக்கினோம் என்று ஆகும். இன்னொரு கோளாறு, ஒரே வாக்கியத்தில் இரண்டு உடை அணிவது: 'ஹே ப்ரோ, ஐ ரிக்வயர் யுவர் அசிஸ்டன்ஸ்.' வேட்டிக்கு மேல் கோட்டும் டையும் கட்டிய மாதிரி.

மூன்றாவது, கூட்டாளிகள். சொற்களுக்குப் பழகிய துணைகள் உண்டு. ஆங்கிலத்தில் இதைக் 'கொலோகேஷன்' என்பார்கள். மழை 'ஹெவி', காற்று 'ஸ்ட்ராங்', மூடுபனி 'திக்'. தமிழில் நாம் கனமழை, பலத்த காற்று, அடர்ந்த பனி என்று பிரித்துச் சொல்வது போலவேதான். 'ஸ்ட்ராங் டீ' சரி, 'பவர்ஃபுல் டீ' சிரிப்பு. 'பவர்ஃபுல் கம்ப்யூட்டர்' சரி. வேகம் என்ற பொருளில் மட்டும் பாருங்கள்: 'ஃபாஸ்ட் கார்', 'க்விக் ஷவர்', 'ராபிட் க்ரோத்', 'ஸ்விஃப்ட் ரெஸ்பான்ஸ்'. ஒன்றின் இடத்தில் இன்னொன்றை வைத்தால் பெரும்பாலும் ஒட்டாது. உண்டாக்குதல் என்று பொருள்படும் 'காஸ்' என்ற வினைக்குக் கெட்ட சகவாசம்: 'ப்ராப்ளம்ஸ்', 'டேமேஜ்', 'டிலே' இவற்றோடுதான் அதிகம் திரியும். 'தி நியூ பார்க் காஸ்ட் ஹேப்பினஸ்' என்று எழுதினால் ஏன் இடிக்கிறது என்று இப்போது புரியும். 'ப்ரிங்' என்பதன் இறந்தகாலத்தைப் போட்டு 'ப்ராட் ஹேப்பினஸ்' என்றால் இயல்பு.

இதற்கு விதி கிடையாது, பார்த்துத்தான் பழக வேண்டும். பார்க்க நல்ல கருவிகள் இருக்கின்றன. கூகுளின் என்கிராம் வியூவரில் இரண்டு தொடர்களை ஒரு கமா போட்டுப் பிரித்துக் கொடுத்தால் அச்சுப் புத்தகங்களில் எது அதிகம் வந்திருக்கிறது என்று வரைபடமாகக் காட்டும். சொல்லுக்குப் பதில் நட்சத்திரக் குறி போட்டால் அந்த இடத்தில் அதிகம் வரும் சொற்களைக் காட்டும். இன்னும் ஆழமாகப் பார்க்க 'கோகா' என்ற அமெரிக்க ஆங்கிலத் தரவுத் தொகுப்பு உண்டு. 1990 முதல் 2019 வரையிலான பேச்சு, நாவல், இதழ், செய்தித்தாள், ஆய்வுக் கட்டுரை என நூறு கோடிச் சொற்களுக்கு மேல் அதில் இருக்கின்றன. எந்தச் சொல் பேச்சில் அதிகம், எது ஆய்வுக் கட்டுரையில் மட்டும் வாழ்கிறது என்பது அங்கே எண்ணாகவே தெரிந்துவிடும்.

நான்காவது, இலக்கணம். பொருள் ஒத்துப்போனாலும் வாக்கியத்தில் உட்காரும் விதம் ஒத்துப்போகாது. 'டாக் அபவுட் தி ப்ளான்' சரி, 'டிஸ்கஸ் அபவுட் தி ப்ளான்' தவறு. 'டிஸ்கஸ்' இடையில் எதையும் ஏற்காது. 'லெட் ஹிம் கோ', ஆனால் 'அலவ் ஹிம் டு கோ'. 'டெல் மீ' உண்டு, 'ஸே மீ' கிடையாது. 'ஹி அட்வைஸ்ட் மீ டு வெய்ட்' என்பதில் வினையை மட்டும் மாற்றி 'ஹி சஜஸ்டட் மீ டு வெய்ட்' என்று எழுதுவது மிகப் பரவலான பிழை; 'ஹி சஜஸ்டட் தட் ஐ வெய்ட்' என்று வாக்கியத்தையே திருப்ப வேண்டும். பெயர்ச்சொல்லிலும் இது உண்டு. 'சஜஷன்ஸ்' என்று பன்மை போடலாம், 'அட்வைஸஸ்' போட முடியாது. 'ஜாப்ஸ்' உண்டு, வேலை என்ற அதே பொருளில் 'வொர்க்ஸ்' இல்லை.

நான்கு சோதனைக்கும் விடை ஒரே இடத்தில் கிடைக்க வேண்டுமானால் கற்போருக்கான அகராதியைத் திறங்கள். ஆக்ஸ்ஃபோர்ட், லாங்மேன் இரண்டின் கற்போர் பதிப்புகளும் இணையத்தில் இலவசம். பல சொற்களுக்கு, நெருங்கிய சொற்களின் வேறுபாட்டைத் தனிப் பெட்டியில் விளக்கியிருப்பார்கள். பொருளை மட்டும் படித்துவிட்டு மூடிவிடாதீர்கள். எடுத்துக்காட்டு வாக்கியங்கள்தான் அங்கே சொத்து.

படி 5: 'வெரி'யைக் களையும்போது கவனம்

'வெரி டயர்ட்' என்பதை 'எக்ஸாஸ்டட்' என்றும் 'வெரி ஸ்மால்' என்பதை 'டைனி' என்றும் மாற்றச் சொல்லும் அட்டவணைகள் எங்கும் கிடைக்கின்றன. நல்ல பயிற்சிதான், இரண்டு எச்சரிக்கைகளோடு. ஏற்கெனவே உச்சத்தில் இருக்கும் சொல்லுக்கு முன் 'வெரி' வராது; 'வெரி எக்ஸாஸ்டட்' வேண்டாம், தேவையானால் 'கம்ப்ளீட்லி எக்ஸாஸ்டட்'. அடுத்து, அளவு மாறிவிடக் கூடாது. 'வெரி சர்ப்ரைஸ்ட்' ஆனவரை 'அஸ்டவுண்டட்' என்று எழுதினால் அவர் திகைத்துப்போய் வாயடைத்து நின்றார் என்று ஆகிவிடும். அவர் அவ்வளவு அதிரவில்லை என்றால் 'வெரி' இருந்துவிட்டுப் போகட்டும்.

படி 6: திரும்ப வந்தால் வரட்டும்

ஒரே சொல் இரண்டாம் முறை வரக்கூடாது என்று பள்ளியில் யாரோ பலருக்கும் சொல்லிக்கொடுத்திருக்கிறார்கள். அதன் விளைவு: முதல் வரியில் 'தி டாக்', அடுத்ததில் 'தி அனிமல்', அதற்கடுத்ததில் 'தி ஃபோர்-லெக்ட் க்ரீச்சர்'. வாசகர் மூன்று பிராணிகளைத் தேடுவார். இந்த வியாதிக்கு ஆங்கில நடை ஆசிரியர் ஃபௌலர் 20-ஆம் நூற்றாண்டின் தொடக்கத்திலேயே 'எலிகன்ட் வேரியேஷன்' என்று கிண்டலாகப் பெயர் வைத்தார். பாதி இடங்களில் 'இட்' போட்டாலே தீர்ந்துவிடும்.

ஒப்பந்தம், செய்முறைக் குறிப்பு, ஆய்வுக் கட்டுரை இவற்றில் கலைச்சொல்லை மாற்றவே கூடாது. முதல் பத்தியில் 'பையர்', மூன்றாம் பத்தியில் 'கஸ்டமர்' என்றிருந்தால் இருவரும் ஒருவரா வேறா என்று பின்னாளில் வழக்கே வரலாம்.

தேர்வு எழுதுபவர்களுக்கு இது சங்கடமாக இருக்கும். ஐஈஎல்டிஎஸ் எழுத்துத் தேர்வின் நான்கு அளவுகோல்களில் ஒன்று சொல்வளம். நான்குக்கும் சம மதிப்பு. அதனால் கனமான சொற்களை மனப்பாடம் செய்து கொட்டுகிறார்கள். ஆனால் அதன் மதிப்பெண் விளக்கத்தில் அரிய சொற்களோடு நடையும் சொற்சேர்க்கையும் சேர்த்தே சொல்லப்படுகின்றன. தவறான துணையோடு வரும் அரிய சொல், சரியான இடத்தில் இருக்கும் சாதாரணச் சொல்லைவிட உங்களுக்கு நல்லது செய்யாது.

படி 7: குடும்பமாகக் குறித்து வையுங்கள்

'பிக் = லார்ஜ், ஹ்யூஜ், இம்மென்ஸ்' என்று சமக்குறி போட்டு எழுதி வைக்கும் நோட்டால் பயனில்லை. அந்தச் சமக்குறிதான் எல்லாத் தொல்லைக்கும் வேர். ஒவ்வொரு சொல்லுக்கும் அது இயல்பாக வந்த ஒரு வாக்கியமும், எதனால் அந்தச் சொல் என்பதற்குத் தமிழில் ஒரு வரியும் எழுதுங்கள். மணம் என்ற குடும்பம் இப்படி இருக்கலாம்: 'ஸ்மெல்' பொது, தனியாக வந்தால் கொஞ்சம் கெட்ட பக்கம் சாயும். 'சென்ட்' மென்மை, பூவுக்கும், மோப்ப நாய் தொடரும் தடத்துக்கும். 'அரோமா' காப்பி, சமையல். 'ஃப்ராக்ரன்ஸ்' பூ, வாசனைத் திரவியம். 'ஓடர்' நடுநிலை போலத் தோன்றும், ஆனால் பெரும்பாலும் விரும்பாத வாடை. 'ஸ்டென்ச்' மூக்கைப் பொத்த வைக்கும் நாற்றம்.

வாரம் ஒரு குடும்பம் போதும். புதிதாகச் சேர்ந்த சொல்லை முதலில் யாரும் மதிப்பெண் போடாத இடத்தில் எழுதிப் பாருங்கள்: நண்பருக்கு ஒரு செய்தி, உங்களுக்கே ஒரு நாட்குறிப்பு. விண்ணப்பக் கடிதத்துக்கு அதன் பிறகு கொண்டு வரலாம்.